பேரன் கரண்டியைக் கீழே போடுகிறான். எந்த நூலைப் படிப்பது?

கேள்வி: நான் தேவகோட்டையில் வசிக்கும் ஓய்வுபெற்ற ஆசிரியை. மகள் வெளியூரில் வேலை பார்ப்பதால் 9 மாதப் பேரன் என்னிடம் வளர்கிறான். அலிசன் காப்னிக் எழுதிய மூன்று நூல்களை மகள் அனுப்பியிருக்கிறாள். எதை முதலில் படிக்க வேண்டும்? மூன்று வயதுக்குள் மூளை வளர்ச்சி முடிந்துவிடும் என்கிறார்களே, இப்போதே பட அட்டைகளும் ஆங்கிலக் காணொளிகளும் வாங்கிவிடலாமா? அவனோ கரண்டியைத் தரையில் போட்டுப் போட்டு என்னை எடுக்க வைக்கிறான்.

பதில்: 2016இல் வெளிவந்த ‘தி கார்டனர் அண்ட் தி கார்பென்டர்’ நூலை முதலில் எடுங்கள். அட்டைகளையும் காணொளிகளையும் வாங்க வேண்டாம்.

காப்னிக் கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் உளவியல் பேராசிரியர். குழந்தையை அளவெடுத்து இழைத்துச் செய்யும் தச்சராக இராமல், மண்ணைப் பேணும் தோட்டக்காரராக இருங்கள் என்பது அந்த நூலின் வாதம். மனித இனத்தில் பிள்ளை வளர்ப்புக்குப் பாட்டிகள் ஏன் இன்றியமையாதவர்கள் என்பதையும் அவர் விளக்குவதால், ஆயா (பாட்டி) வீட்டில் வளரும் பிள்ளைக்கு இது பொருத்தமான தொடக்கம்.

மூன்று வயதுக் கணக்கு பாதி உண்மை. அந்த வயதில் மூளையின் பருமன் பெரியவர்களுடையதில் ஏறத்தாழ 80 விழுக்காட்டை எட்டிவிடுகிறது. ஆனால் திட்டமிடலுக்கும் தன்னடக்கத்துக்கும் உரிய முன்நெற்றிப் பகுதி இருபதுகளின் நடுப்பகுதிவரை முதிர்ந்துகொண்டே இருக்கும். பருமனைக் காட்டி அச்சுறுத்துவது விற்பனையாளர்களின் வழக்கம்.

மொழியில் மட்டும் காலம் ஓரளவு நெருக்குகிறது. ஆங்கிலம் பேசும் வீட்டுக் குழந்தைகள் 6 முதல் 8 மாதங்களில் இந்தியின் டகரத்தையும் தகரத்தையும் பிரித்துணர்ந்தன என்றும், 10 முதல் 12 மாதங்களுக்குள் அத்திறன் பெரிதும் மங்கிவிட்டது என்றும் உளவியல் ஆய்வாளர் ஜேனட் வெர்க்கர் 1984இல் காட்டினார். காப்னிக்கோடு சேர்ந்து 1999இல் ‘தி சயின்டிஸ்ட் இன் தி கிரிப்’ நூலை எழுதிய பட்ரீஷியா குல், 2003இல் வெளியிட்ட ஆய்வு தங்கள் கேள்விக்கு நேரடியாகவே விடை சொல்கிறது. தங்கள் பேரன் வயதுள்ள அமெரிக்கக் குழந்தைகளுடன் சீன மொழி பேசுவோர் 12 முறை நேரில் அமர்ந்து, விளையாடியும் கதைப்புத்தகம் வாசித்தும் பழகியபோது, அக்குழந்தைகள் அம்மொழியின் ஒலிகளைப் பிரித்தறியக் கற்றுக்கொண்டன; அதே பேச்சைத் திரையில் மட்டும் பார்த்த குழந்தைகள் எதையும் கற்கவில்லை. ஆகவே வீட்டு வளவில் அவனை மடியில் வைத்துக்கொண்டு, முகம் பார்த்து, ழகர ளகரம் பிறழாமல் பேசுங்கள். ஓர் ஆசிரியைக்கு இதைச் சொல்லித் தரவேண்டியதில்லை.

கரண்டி விஷயத்தைக் குறும்பு என்று எண்ணவேண்டாம். அடுத்த முறை கவனியுங்கள்: ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் கரண்டி விழுந்து ஓசை எழுந்ததும் அவன் கரண்டியைப் பார்க்கிறானா, தங்கள் முகத்தைப் பார்க்கிறானா? இரண்டையும் மாறிமாறிப் பார்ப்பானானால், பொருள் எப்படி நடந்துகொள்கிறது, மனிதர் எப்படி நடந்துகொள்கிறார் என்ற இரு சோதனைகளை அவன் ஒருசேர நடத்துகிறான் எனலாம். கரண்டிக்குப் பதில் ஒரு பித்தளைக் கிண்ணத்தையோ துணிப்பந்தையோ கொடுத்துப் பாருங்கள்.

1999ஆம் ஆண்டு நூலைப் படிக்கையில் ஓர் எச்சரிக்கை. நாம் நாக்கை நீட்டினால் பிறந்த சில வாரங்களிலேயே குழந்தை அதைப் பார்த்துத் தானும் நீட்டும் என அதில் உறுதியாகச் சொல்லப்பட்டுள்ளது. நூற்றுக்கும் மேற்பட்ட குழந்தைகளிடம் நடத்தி 2016இல் வெளியான ஆய்வு அதை உறுதிப்படுத்தவில்லை. 2009இல் வந்த ‘தி பிலசாபிகல் பேபி’ சற்றுத் தத்துவார்த்தமானது; பெரியவர்களின் கவனம் ஓரிடத்தில் குவியும் விளக்கு, குழந்தையின் கவனம் நாற்புறமும் ஒளிவிடும் லாந்தர் என்னும் பகுதிக்காகவே அதைப் படிக்கலாம்.

பேரனுக்கு ஒன்றரை வயதானதும் காப்னிக்கும் அவர் மாணவியும் செய்த ஒரு சோதனையை வீட்டிலேயே செய்யலாம். இனிப்பான கந்தரப்பத்தையும் வேகவைத்த பாகற்காயையும் அவன் முன் வைத்து, பாகற்காயை மெச்சித் தின்றுகாட்டி, கந்தரப்பத்துக்கு முகம் சுளித்துவிட்டுக் கையை நீட்டுங்கள். அவர்களின் சோதனையில் 14 மாதக் குழந்தைகள் பெரும்பாலும் தமக்குப் பிடித்ததையே கொடுத்தன. 18 மாதக் குழந்தைகளோ எதிரிலிருப்பவருக்குப் பிடித்ததைக் கொடுத்தன. பாகற்காய் கைக்கு வந்தால் அதைத் தாங்கள் தின்றே ஆகவேண்டும்.