ஊர்க் களத்தில் ஊராட்சிக் கட்டடம்: தடுக்க முடியுமா?

கேள்வி: மேலூர் அருகே எங்கள் ஊரின் பொதுக் களத்தில் ஊராட்சி அலுவலகம் கட்டப்போவதாக அளந்து கல் நட்டுவிட்டார்கள். அறுப்புக் காலத்தில் நெல் உலர்த்த வேறு இடமில்லை. தெரிந்தவர் ஒருவர் உடனே தடையாணை வாங்கித் தருவதாகச் சொல்லி, வீட்டுக்கு ஆயிரம் ரூபாய் வசூலிக்கிறார். கொடுக்கலாமா?

பதில்: முதலில் வசூலை நிறுத்துங்கள். தடையாணையை நீதிபதி கொடுத்தால் உண்டு. வாங்கித் தருவதாக எவரும் வாக்குக் கொடுக்க முடியாது. தாலுகா அலுவலக டீக்கடையில் “உயர் நீதிமன்றத்தில் நமக்கு ஆள் இருக்கிறது” என்று பேசுகிறவர்களை மதுரைக் கிளையில் நான் பார்த்ததில்லை. அவர்களிடம் பணம் கொடுத்துவிட்டு வந்து நிற்பவர்களைத்தான் பார்க்கிறேன். வழக்கறிஞரை நேரில் பாருங்கள், ரசீது கேளுங்கள். வெற்றுத்தாளில் கையெழுத்துக் கேட்டால் போடாதீர்கள். அதே கையெழுத்துகள் “ஊர் மக்கள் சம்மதம்” என்று எதிர்த்தரப்பு ஆவணமாக வந்து சேரும்.

அடுத்து, ஊரார் களம் என்று சொல்வது போதாது. பதிவேடு என்ன சொல்கிறது? எந்த நிலம் என்ன வகை என்று காட்டும் வருவாய்த் துறையின் ‘அ’ பதிவேட்டு நகலை வாங்கிப் புல எண்ணுக்கு நேரே உள்ள குறிப்பைப் படியுங்கள். கண்மாய், ஊருணி என்றிருந்தால் உங்கள் கை ஓங்கும். நீர்நிலை விஷயத்தில் நீதிமன்றம் கடுமையானது. களம் புறம்போக்கு என்றிருந்தால், “அது ஊராட்சியின் நிலம்” என்பார் தலைவர். பாதி சரி. 1994ஆம் ஆண்டு ஊராட்சிகள் சட்டத்தின் 134ஆவது பிரிவு களம், மேய்ச்சல் நிலம், சுடுகாடு போன்றவற்றை ஊராட்சியின் வசம் விட்டிருக்கிறது. ஆனால் களமாகத்தான் விட்டிருக்கிறது. வேறு காரியத்துக்கு எடுக்க, ஆட்சியர் வழியாக வகைப்பாடு மாற வேண்டும். அந்த ஆணை இருக்கிறதா என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். இல்லையென்றால் வழக்குத் தொடுக்கலாம். இருந்தால், மாற்றுக் களம் கேட்பதே புத்திசாலித்தனம்.

இந்த மாதிரி வழக்குகளில் எல்லோரும் தூக்கிக்கொண்டு வருவது உச்ச நீதிமன்றத்தின் 2011 ஜக்பால் சிங் தீர்ப்பை. பஞ்சாபில் ஒரு கிராமக் குளத்தை ஆக்கிரமித்தவர்கள் பற்றிய வழக்கு அது. பொது நில ஆக்கிரமிப்புகளை அகற்ற எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்ட நீதிமன்றம், ஒரு விலக்கையும் சொன்னது: அந்த நிலத்தில் ஏற்கெனவே பள்ளியோ மருந்தகமோ வேறு பொதுப் பயன்பாடோ இருந்தால், அதை அப்படியே ஏற்று வரன்முறைப்படுத்தலாம். ‘ஏற்கெனவே’ என்பதைக் கவனியுங்கள். நாளைக்குக் கட்டப்போகும் அலுவலகத்துக்கு இது அனுமதிச் சீட்டு அல்ல. ஆனால் தளம் போட்டு, பெயர்ப்பலகை மாட்டி, நாற்காலியும் போட்டுவிட்டால் அதே வரியை உங்களுக்கு எதிராகவே படிப்பார்கள். அரசுப் பணத்தில் எழுந்த கட்டடத்தை இடிக்கச் சொல்ல எந்த நீதிபதிக்கும் எளிதில் மனம் வராது. ஆகவே, அடித்தளத்துக்கு வானம் தோண்டுவதற்கு முன்பே நகருங்கள்.

உங்கள் பக்கமும் சுத்தமாக இருக்க வேண்டும். களத்தின் ஓரத்தில் யாருடைய வைக்கோல் படப்பு, யாருடைய கழிப்பறை? அளவையர் வந்தால் அவற்றையும் அளப்பார். முதல் நோட்டீஸ் வழக்குப் போட்டவருக்கே வரும். இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன்: களத்தின் மீதுள்ள அக்கறையால் அல்லாமல், காலனிப் பக்கம் அலுவலகம் வருவதைச் சகிக்காமல் வழக்குத் தேடுகிறவர்கள் என்னிடம் வர வேண்டாம்.

திங்கள்கிழமை குறைதீர் நாளில் ஆட்சியரிடம் மனுக் கொடுத்து ஒப்புகைச் சீட்டை வாங்குங்கள். அது இல்லாமல் உயர் நீதிமன்றத்துக்கு ரிட் வழக்கோடு போனால் “முதலில் மனுக் கொடுத்தீர்களா?” என்றுதான் கேட்பார்கள். கொடுத்துவிட்டுப் போனாலோ, “மனுவைப் பன்னிரண்டு வாரத்தில் பரிசீலிக்கவும்” என்று ஆணை வரும் வாய்ப்பு அதிகம். அந்தப் பன்னிரண்டு வாரத்தில் ஒப்பந்தக்காரர் கூரையே போட்டுவிடுவார். பரிசீலிக்க வேண்டிய அதிகாரி மாறுதலாகிப் போயிருப்பார். அதனால், மனு பரிசீலிக்கப்படும்வரை நிலம் இப்போதுள்ளபடியே இருக்க வேண்டும் என்ற இடைக்காலக் கோரிக்கையைத் தனியே எழுதச் சொல்லி வழக்கறிஞரிடம் வற்புறுத்துங்கள். கல் நட்ட இடத்தையும் களத்தில் நெல் காய்வதையும் இன்றே தேதியோடு படமெடுத்து வையுங்கள்.