கொடுத்திருக்கும் நிகழ்தகவுகள் சரியா என்று எப்படிப் பார்ப்பது?

ஒரு விஷயம் நடக்க எவ்வளவு வாய்ப்பு என்பதை 0 முதல் 1 வரை சொல்லும் எண்தான் நிகழ்தகவு, அதனால் 1.3 என்றோ மைனஸிலோ வந்தாலே தப்பு. தனித்தனியே ஒழுங்காகத் தெரியும் எண்கள் ஒன்றோடொன்று ஒத்துப்போகாமல் இருப்பதைத்தான் கவனித்துப் பார்க்க வேண்டும். ஒன்று நடக்க 0.5, மற்றொன்று நடக்க 0.7, இரண்டும் சேர்ந்து நடக்க 0.6 என்று கொடுத்தால்? முடியாது. 100 வீடு உள்ள தெருவில் 50 வீட்டில் பைக், 70 வீட்டில் டிவி என்றால், இரண்டும் உள்ள வீடு 60 எப்படி வரும், பைக் இருப்பதே 50 வீட்டில்தானே! குறைந்தபட்சமும் உண்டு: 50ஐயும் 70ஐயும் கூட்டினால் 120, வீடோ 100தான், ஆக 20 வீட்டிலாவது இரண்டும் இருந்தே தீர வேண்டும். சரி, அப்போ 0.2 முதல் 0.5 வரை எது கொடுத்தாலும் ஒத்துப்போகும். 0.5ஐயும் 0.7ஐயும் கூட்டினால் 1ஐத் தாண்டுகிறதே, அதனாலேயே தப்பு என்று பலர் எழுதிவிடுகிறார்கள். அந்தக் கட்டுப்பாடு ஒரே நேரத்தில் நடக்கவே முடியாத நிகழ்ச்சிகளுக்கு மட்டும்தான்.