ஆங்கிலத்தில் ‘ரான்சாக்’ (ransack) என்றால் கொள்ளையடிப்பதா, தேடுவதா?

இரண்டும்தான். ஆனால் தேடல்தான் மூத்த பொருள். ஸ்காண்டிநேவியர்களின் பண்டைய மொழியான பழைய நார்ஸில் ‘ரன்’ என்றால் வீடு. ‘சாகா’ என்ற பகுதி தேடுதலைக் குறிக்கும் வினையோடு உறவுடையது. திருட்டுப்போன பொருள் ஒளித்து வைக்கப்பட்டிருக்கிறதா என்று வீடு புகுந்து சோதிப்பதற்கு அங்கே இரண்டும் சேர்ந்த ‘ரன்சாகா’ சட்டச் சொல். ஸ்காண்டிநேவியர் வழியாக ஆங்கிலத்துக்கு வந்த பிறகுதான் சூறையாடல் என்ற பொருளும் ஒட்டிக்கொண்டது. டேனிஷில் இன்றும் போலீஸ் சோதனைக்கு ‘ரன்சாக்னிங்’ என்றுதான் பெயர். ஐஸ்லாந்து மொழியிலோ ‘ரன்சோக்ன்’ என்றால் ஆராய்ச்சி!

பயன்படுத்தும்போது பலரும் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. இந்த வினைக்குச் செயப்படுபொருளாக இடம்தான் வரும், திருடிய பொருள் வராது. வீட்டை, அலமாரியை, ஊரை ‘ரான்சாக்’ செய்யலாம். நகையைச் செய்ய முடியாது. நகைக்கு ‘ஸ்டீல்’ (steal, திருடு) அல்லது ‘லூட்’ (loot, கொள்ளையடி) போடுங்கள். (‘லூட்’ இந்தியிலிருந்து போனது, அது தனிக் கதை.) இழுப்பறைகளைக் கவிழ்த்து, துணிமணிகளை வாரி இறைத்துத் தேடியவன் வெறுங்கையோடு போயிருந்தாலும் அந்த வீடு ‘ரான்சாக்’ செய்யப்பட்டதுதான்.

கடத்தப்பட்டவரை மீட்கக் கொடுக்கும் பணத்தைக் குறிக்கும் ‘ரான்சம்’ (ransom) இதற்கு உறவில்லை. அது லத்தீனிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தது.