ஆன்லைனில் நழுவும் காம்போ

வணக்கம். சூப்பர் ஸ்மாஷ் ஃபிளாஷ் 2 என்ற சண்டை கேமில் நருட்டோ பாத்திரத்தை வைத்து ஆடுகிறேன். தனியாகப் பழகும்போது தவறாமல் விழும் காம்போ (இடைவிடாத தொடர் அடி), ஆன்லைனில் பாதியில் அறுந்துவிடுகிறது. 100 எம்பிபிஎஸ் இணைப்பு வைத்திருக்கிறேன். இன்னும் வேகமான திட்டத்துக்கு மாறலாமா? எதிராளியின் அழுத்தத்துக்குக் காத்திராமல் ஊகித்து ஆட்டத்தை ஓட்டி, ஊகம் தவறினால் பின்னே போய்த் திருத்தும் ரோல்பேக் முறையை ஏன் இன்னும் கொண்டுவரவில்லை?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

மாற வேண்டாம். ஆட்டத்தின்போது இரண்டு கணினிகளுக்கும் நடுவே பெரும்பாலும் பட்டன் அழுத்தங்கள்தான் போய்வருகின்றன. அதற்கு உங்கள் வேகத்தில் மிகச் சிறு பங்கே போதும். கவனிக்க வேண்டியது பிங், அதாவது தகவல் எதிராளியிடம் போய்த் திரும்ப ஆகும் நேரம் (மில்லி விநாடியில்), அதைவிட முக்கியமாக அந்த பிங்கின் ஏற்ற இறக்கம்.

இந்த கேம் விநாடிக்கு 30 பிரேமில், அதாவது 30 படங்களாக ஓடுகிறது. ஒரு பிரேம் ஏறத்தாழ 33 மில்லி விநாடி. எதிராளி அழுத்தியது வந்து சேரும்வரை ஆட்டம் காத்திருக்க வேண்டும், அதுவும் முழு பிரேம் கணக்கில். பிங் 60 என்றால் ஒரு வழிக்கு 30, ஒரு பிரேமில் அடங்கிவிடும். பிங் 70 ஆனால் ஒரு வழிக்கு 35, உடனே இரண்டு பிரேம் தேவை. ஆகவே 60க்கும் 75க்கும் நடுவே ஊசலாடும் இணைப்பைவிட, 110-இல் அசையாமல் நிற்கும் இணைப்பு நல்லது. நிலையான தாமதத்துக்குக் கை பழகிவிடும், ஒவ்வொரு அடியையும் அந்த அளவு முன்னதாக அழுத்தத் தொடங்கிவிடுவீர்கள். மாறிக்கொண்டே இருக்கும் தாமதத்துக்கு எந்தக் கையும் பழகாது.

வைஃபையை விட்டு லேன் கேபிளுக்கு வாருங்கள். நீங்கள் ஆடும் நேரத்தில் அதே இணைப்பில் யாரும் பெரிய ஃபைல் ஏற்றவோ இறக்கவோ கூடாது. நான்கு பேர் ஆடினால் எல்லோரும் மோசமான ஒருவரின் இணைப்புக்காகக் காத்திருக்க நேரும், பயிற்சிக்கு இருவர் ஆட்டமே சரி.

பலர் கவனிக்காதது கணினியின் சுமை. ஒரு கணினி 30 பிரேமைத் தொட முடியாமல் 24-க்கு இறங்கினால் எதிராளிக்கும் ஆட்டம் இழுபடும், பழி இணையத்தின் மேல் விழும். இந்த கேம் உருவான ஃபிளாஷ் என்ற பழைய மென்பொருளின் வரைகலைக்குத் திரை பெரிதாகப் பெரிதாகப் ப்ராசஸரின் வேலை கூடும். தரத்தைக் குறைத்து, முழுத் திரையை விட்டுச் சிறிய விண்டோவில் ஆடிப் பாருங்கள்.

ரோல்பேக் கேட்பது நியாயமான ஆசைதான். ஆனால் அதற்கு ஒவ்வொரு பிரேமிலும் ஆட்டத்தின் முழு நிலையையும் சேமித்து, தேவைப்பட்டால் பின்னே போய்ச் சில பிரேம்களை ஒரே மூச்சில் மறுபடி ஓட்ட வேண்டும். ஃபிளாஷில் அந்த நிலை அனிமேஷன்களுக்குள்ளேயே சிதறிக் கிடக்கும். பிறகு சேர்க்கும் வசதியல்ல இது, அடித்தளத்தையே திருத்தி எழுதும் வேலை. மாரியோவும் கோகுவும் மோதும் இந்த ஆட்டத்தை ரசிகர்கள் உருவாக்கி இலவசமாகத் தருகிறார்கள். 2020 முடிவில் பிரவுசர்களில் ஃபிளாஷ் நின்றபோதும், டவுன்லோட் செய்து ஆடும் பதிப்பால் இது பிழைத்தது. அந்த உழைப்பை நான் பெரிதாக மதிக்கிறேன்.

அடுத்த முறை புதிய எதிராளி கிடைத்ததும் முதல் அரை நிமிடம் அடிக்காதீர்கள். நின்ற இடத்தில் ஷார்ட் ஹாப் (பட்டனைச் சட்டென்று தட்டி விட்டுப் போடும் குட்டித் தாவல்) மட்டும் பத்து முறை போடுங்கள். பத்தும் ஒரே தாமதத்தில் எழும்பினால் காம்போவை முயலலாம். சில முழுத் தாவலாக மாறினால் அன்று நீண்ட காம்போவை விட்டுவிட்டு ஒற்றை அடிகளை நம்பி ஆடுங்கள்.