வரிக்கு 45 முதல் 75 எழுத்து என்ற விதி தமிழுக்கு ஒத்துவருமா?

கேள்வி: நாகர்கோவிலில் ஒரு கோயிலுக்கு வலைப்பக்கம் செய்கிறேன், வரிக்கு 45–75 எழுத்து, வரி உயரம் எழுத்தளவைப் போல 1.2 மடங்கு என்று படித்தேன், அப்படியே வைக்கலாமா?

அப்படியே வைக்க வேண்டாம். அது ரோமன் எழுத்துக்காக (ஆங்கிலத்தில் உள்ள a, b, c), அதுவும் இடைவெளியைச் சேர்த்து எண்ணிச் சொன்ன கணக்கு. வரி ரொம்ப நீளமானால் கண் அடுத்த வரியின் தொடக்கத்தைத் தவறவிடும், விதிக்குக் காரணமே அதுதான், அந்தக் காரணம் மட்டும் தமிழுக்கும் பொருந்தும்.

எண்ணிக்கையில்தான் சிக்கல். "நாகர்கோவில்" நமக்கு 6 எழுத்து, ஆனால் வலைப்பக்க நிரல் மொழியான ஜாவாஸ்கிரிப்டில் நீளம் கேட்டால் 11 என்று சொல்லும், ஏனென்றால் நா, ர், கோ, வி, ல் ஒவ்வொன்றும் யூனிகோடில் (கணினியில் எழுத்துகளுக்கு எண் தரும் முறை) இரண்டிரண்டு குறியீடு, க மட்டும்தான் ஒன்று. அந்தக் குறியீடுகளை யூடிஎஃப்-8 என்ற முறையில் சேமித்தால் 33 பைட் இடம் பிடிக்கும். பெயருக்கு 20 என்று வரம்பு போட்ட படிவத்தில் நம்ம ஊர்ப் பெயர்கள் பாதியில் வெட்டுப்படுவதும் இதனால்தான், டேட்டாபேஸ் போடும்போதே தாராளமாக இடம் விடுங்கள்.

வரி உயரம் 1.2 தமிழுக்குப் பத்தாது. மேலே கி, கீ-யின் கொக்கி, கீழே கு, மூ-வின் வால், இரண்டும் முட்டிக்கொள்ளும், 1.5-இல் தொடங்கி, கோயில் கொடை விழா நோட்டீஸில் உள்ள நாள்வாரி நிகழ்ச்சிப் பட்டியலை அப்படியே ஒட்டி, போனில் திறந்து பாருங்கள். அப்புறம், தடித்த எழுத்தைச் சின்ன அளவில் போட்டால் ண, ஞ சுழி அடைத்துவிடும், அது தலைப்புக்கு மட்டும் போதும்.