மார்பில் கட்டி மாதிரி இருக்கிறது, இது கேன்சரா டாக்டர்?

கேள்வி: நான் 14 வயதுப் பையன். ஆறு மாதமாக இரண்டு மார்புக் காம்புக்கு அடியிலும் கட்டி மாதிரி இருக்கிறது, இடது பக்கம் கொஞ்சம் பெரிது. பள்ளிக்கூடப் பை உரசினாலே வலிக்கிறது. பையன்கள் கேலி செய்வதால் கிணற்றுக்குக் குளிக்கப் போவதையே விட்டுவிட்டேன். வீட்டில் யாருக்கும் தெரியாது. இது கேன்சரா?

பதில்: தம்பி, நீ எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால் இது கேன்சர் மாதிரி தெரியவில்லை. வளரும் வயதில் ஏறக்குறைய பாதிப் பையன்களுக்கு இது வருகிறது, உன்னைக் கேலி செய்கிறவர்களில் ஒருவனுக்காவது சட்டைக்குள் இதே வலி இருக்கும். ஆண் உடம்பிலும் ஈஸ்ட்ரோஜன் என்ற பெண் ஹார்மோன் கொஞ்சம் சுரக்கும். இந்த வயதில் டெஸ்டோஸ்டிரோன் என்ற ஆண் ஹார்மோன் முழு அளவுக்கு ஏறுவதற்குள் ஈஸ்ட்ரோஜனின் கை சில மாதம் ஓங்கிவிடுகிறது, அப்போது காம்புக்கு அடியில் இருக்கும் சின்னச் சுரப்பி வீங்குகிறது, அவ்வளவுதான். ஒரு பக்கம் பெரிதாகவும் மறுபக்கம் சிறிதாகவும் இருப்பது சகஜம்.

என்னிடம் வரும் பையன்கள் கொளுத்துகிற வெயிலிலும் சட்டைக்குள் இரண்டு பனியன் போட்டு, பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். இரண்டு விரலால் காம்பைச் சுற்றி மெதுவாகத் தொட்டால் சட்டைப் பொத்தான் மாதிரி ஒரு வட்டம், ரப்பர் போலத் தட்டுப்படும். வெறும் கொழுப்பாக இருந்தால் அப்படித் தட்டுப்படாது. நீ தினமும் அழுத்திப் பார்க்காதே, வலிதான் கூடும். பெரும்பாலும் ஆறு மாதத்திலிருந்து இரண்டு வருடத்துக்குள் தானாக வடிந்துவிடும், மாத்திரை, களிம்பு எதுவும் வேண்டாம். யாராவது ஜிம் பவுடர், ஊசி என்று சொன்னால் கிட்டவே போகாதே, சிலவற்றில் கலந்திருக்கும் ஸ்டீராய்டே இந்த வீக்கத்தை வரவைக்கும்.

ஆனால் ஒரு பக்கம் மட்டும் கல் மாதிரி இறுகி வளர்ந்தாலோ, காம்பில் நீரோ ரத்தமோ கசிந்தாலோ, விதையில் கட்டி தட்டுப்பட்டாலோ, இரண்டு வருடம் தாண்டியும் வடியாவிட்டாலோ டாக்டரைப் பார்த்தே ஆக வேண்டும். வேறு ஏதாவது நோய்க்குத் தொடர்ந்து மருந்து சாப்பிடுகிறாய் என்றால் அதையும் அவரிடம் சொல், சில மருந்துகளாலும் இது வரும். இதெல்லாம் இல்லாவிட்டாலும், ஆறு மாதமாகத் தனியாகப் பயந்துகொண்டிருக்கிறாயே, அதற்காகவே ஒருமுறை காட்டிவிடு. பக்கத்து அரசு மருத்துவமனையிலேயே பார்ப்பார்கள்.

அப்பாவிடமோ அம்மாவிடமோ வாய்விட்டுச் சொல்லக் கூச்சமாக இருந்தால் இந்தப் பதிலை அப்படியே படிக்கக் கொடு.