எழும்பூரில் எடுத்த நாலு நிமிஷம்

பெரம்பூரிலிருந்து அப்பா, அம்மா, பிளஸ் டூ முடித்த மகள் என்று மூவரும் மேற்படிப்புக்கு ஆலோசனை கேட்டு என்னிடம் வந்திருந்தார்கள். கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட்டுக்கு அமெரிக்க மாமாவே பணம் கட்டுகிறாராம். மகள் எதுவும் பேசாமல் போனை நீட்டினாள். எழும்பூர் அருங்காட்சியகத்தில் ஆதிச்சநல்லூர் இடுகாட்டில் கிடைத்த பழம்பொருள்களை அவளே படம் எடுத்து, வெட்டி, ஒட்டிய நாலு நிமிஷ வீடியோ. அதுவரை அவளுக்கு ஆறுதல் சொல்லிக்கொண்டிருந்த நான், பார்த்து முடித்ததும் அதை நிறுத்திவிட்டேன்.

சார், அந்த சீட் வேண்டாம். மாமாவின் பணமும் கடன்தான். பிடிக்காத படிப்பில் நான்கு வருஷம் உட்கார்ந்து அதை அடைக்கப்போவது உங்கள் மகள்.

"அப்போ சினிமாவுக்கா அனுப்பச் சொல்றீங்க?" என்றார் அம்மா. இல்லைம்மா. வரலாற்று ஆவணப்படம் வேறு தொழில். கீழடி அகழாய்வில் கிடைத்த பானை ஓட்டில் 'ஆதன்' என்று கீறியிருக்கிறதே, அதை நேர் வெளிச்சத்தில் எடுத்தால் வெறும் ஓடுதான் தெரியும். விளக்கைப் பக்கவாட்டில் தாழ்த்தி வைத்தால்தான் கீறலுக்குள் நிழல் விழுந்து எழுத்து மேலெழும். பக்கத்தில் அளவுகோல் இல்லையென்றால் அது விரலளவா, முழ அளவா என்று பார்ப்பவருக்குப் புரியாது.

எடிட்டிங் இன்னும் நுணுக்கம். 1876-இல் ஜெர்மன் ஆய்வாளர் ஜாகோர் ஆதிச்சநல்லூரில் தோண்டியவை பெர்லினுக்குப் போய்விட்டன. பின்னால் தொல்லியல் துறையின் அலெக்சாண்டர் ரீ தோண்டி எடுத்தவை எழும்பூரில் இருக்கின்றன. ஒரே இடுகாட்டின் பொருள்களை அடுத்தடுத்த ஷாட்டில் சேர்த்துவைக்க எடிட்டிங் மேஜையால்தான் முடியும். கீழடிக்குக் கி.மு. 6ஆம் நூற்றாண்டு என்றது தமிழ்நாடு தொல்லியல் துறையின் 2019 அறிக்கை. வாய்ஸ் ஓவரில் அந்த வரி ஓடும்போது திரையில் சோழர் காலக் கோபுரத்தை ஒட்டினால் படமே பொய்யாகிவிடும். வேகமாக வெட்டத் தெரிந்தவர்கள் இந்த ஊரில் நிறையப் பேர். எந்தக் காட்சி எந்தக் காலம் என்று தெரிந்து வெட்டுகிறவர்கள் குறைவு.

அதனால் மாநிலக் கல்லூரியில் பி.ஏ. வரலாறுக்கு விண்ணப்பியுங்கள். அரசுக் கல்லூரிக் கட்டணம் உங்களுக்குச் சுமையாக இருக்காது. கூடவே எடிட்டிங் பழகட்டும். பிறகு சென்னைப் பல்கலைக்கழகத்தில் பண்டைய வரலாறும் தொல்லியலும் எம்.ஏ. படிக்கலாம். தொழில்நுட்பமே முழுப் படிப்பாக வேண்டுமென்றால் தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது.

செலவில் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். இப்போதைக்குக் கேமரா வாங்கக்கூடாது, நகையை அடகு வைக்கவும் கூடாது. போன் போதும். எடிட்டிங்குக்கு டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும், வீட்டுக் கம்ப்யூட்டர் தாங்கினால். இரண்டு ஹார்ட் டிஸ்க் மட்டும் வாங்கிக் கொடுங்கள்; எடுத்ததெல்லாம் இரண்டிலும் இருக்கவேண்டும். படிப்பு முடிந்த முதல் இரண்டு மூன்று வருஷம் மாதச் சம்பளத்தை எதிர்பார்க்காதீர்கள். கல்யாண வீடியோ எடிட் செய்து சம்பாதித்தால் அதைக் குறைவாகப் பேசாதீர்கள்.

பாப்பா, உன் வீடியோவில் இரண்டாவது நிமிஷம் தாழி வெறும் இரண்டு விநாடிதான் நிற்கிறது. விளிம்பைப் பார்ப்பதற்குள் போய்விடுகிறது. மறுபடி போய் எடு. அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை; கேமரா டிக்கெட் உண்டா என்று வாசலிலேயே கேட்டுக்கொள். திருத்தியதை முதலில் மாமாவுக்கு அனுப்பு.